என் பெயரில் பேசியவள்

கஜந்தினி ஆறு வாரம் என் பெயரில் பேசினாள். பெயரை மட்டுமல்ல, என் பேச்சையும் எடுத்துக்கொண்டாள். அதைக் கேள்விப்பட்ட நாளில் வந்த கோபம் இன்னும் எனக்கு முழுதாகத் தணியவில்லை. இதைப் படிப்பவர்கள் அந்தக் கோபத்தையும் கணக்கில் எடுத்துக்கொள்ள வேண்டும் என்பதால் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். எழுதலாமா என்று அவளிடம் கேட்டபோது, "எழுதுங்கோ அக்கா. என்ர பேரை மாத்த வேண்டாம்" என்றாள்.

நாங்கள் இருவரும் ஒரே தொழில் செய்தவர்கள். மருத்துவமனையிலோ கவுன்சில் அலுவலகத்திலோ ஆங்கிலம் வராத தமிழர் ஒருவர் உட்கார்ந்திருந்தால், பக்கத்தில் அமர்ந்து இரு பக்கமும் மொழிபெயர்த்துச் சொல்லும் வேலை. பத்திரங்களையும் மொழிபெயர்த்து, சரியானது என்று கையெழுத்திட்டுக் கொடுப்போம். நான் திருநெல்வேலிக்காரி, திருமணமாகி லண்டன் வந்து இருபத்தாறு வருடம். அவள் இங்கேயே பிறந்தவள். ஆனால் யாழ்ப்பாணத் தமிழைத் தாய் தகப்பனிடமிருந்து அப்படியே வாங்கி வைத்திருந்தாள். வயதானவர்கள் அவளிடம் இரண்டு வார்த்தை பேசியதும், "பிள்ளை எந்த ஊர்?" என்று கேட்டுவிடுவார்கள். காத்திருக்கும் அறைகளில் பொழுது போகாதபோது, "வணக்கம்ங்க, சொல்லுங்க" என்று என்னை மாதிரியே பேசிக் காட்டுவாள். நான் சிரிப்பேன்.

அவள் அப்பா இராஜேந்திரன் எண்பத்தைந்தில் யாழ்ப்பாணத்திலிருந்து அகதியாக வந்தவர். பெட்ரோல் நிலையத்தில் இரவு ஷிப்ட், பிறகு தபால் பிரிக்கும் வேலை. தெற்கு லண்டனில் மிச்சம் (Mitcham) என்ற இடத்தில் ஒரு வீடு வாங்கினார். அம்மாவை லண்டனில்தான் சந்தித்தார். கஜந்தினியும், அவளுக்கு மூன்று வயது இளைய றஜீவனும் பிறந்தார்கள். அம்மா இறந்து சில மாதத்தில் அப்பாவுக்கு நடை தளர்ந்தது. வால்தம்ஸ்டோவில் இருந்த தன் வாடகை வீட்டை விட்டுவிட்டு கஜந்தினி மிச்சத்துக்கு வந்து சேர்ந்தாள். ஐந்து வருடம் அவரைக் குளிப்பாட்டியதும், மருந்து கொடுத்ததும், கண் சிகிச்சைக்குக் கூட்டிப்போனதும் அவள்தான். றஜீவன் ரெய்னர்ஸ் லேனில் மனைவியோடு இருந்தான். ஞாயிற்றுக்கிழமைகளில் வருவான்.

போன வருடம் பிப்ரவரியில் அப்பா போனார். உயில் எழுதவில்லை. அக்காவும் தம்பியும் வீட்டைத் தங்கள் பெயருக்கு மாற்ற விண்ணப்பித்தார்கள். இறந்தவரின் மணநிலை என்ற இடத்தில், மனைவியை இழந்தவர் என்று கஜந்தினி எழுதினாள். அன்று அவள் அதை உண்மை என்று நம்பித்தான் எழுதினாள்.

மே மாதம் ஒரு சனிக்கிழமை காலை யாழ்ப்பாணத்திலிருந்து பதிவுத் தபால் வந்தது. அனுப்பியவர் பெயர் டிலக்சனா இராஜேந்திரன். இணையத்தில் வந்த மரண அறிவித்தலைப் பார்த்து, அதிலிருந்த முகவரிக்கு எழுதியிருந்தார். கடிதம் ஒரு பக்கம்தான்.

தொந்தரவு தருவதற்காக எழுதவில்லை என்று அது தொடங்கியது. இராஜேந்திரன் அவர்கள் தன் தகப்பன் என்றும், தனக்கு ஒரு வயதாக இருக்கும்போது அவர் வெளிநாடு போனார் என்றும், முதல் இரண்டு வருடத்துக்குப் பிறகு கடிதம் இல்லை என்றும் இருந்தது. அம்மா சிவகௌரிக்குச் சீதனமாக வந்த காணியில்தான் இருவரும் இருக்கிறார்கள். யாழ்ப்பாணத்துத் தேசவழமைச் சட்டப்படி, கல்யாணமான பெண் தன் பெயரில் உள்ள காணியைக்கூடக் கணவன் கையெழுத்து இல்லாமல் எழுதிக் கொடுக்க முடியாது. கோர்ட்டுக்குப் போய், கணவன் கைவிட்டுவிட்டான் என்று நிரூபித்தால் அனுமதி கிடைக்கும். அம்மாவுக்கு அதற்கு மனம் வரவில்லை. இப்போது அவர் இறந்துவிட்டதால், முத்திரையுள்ள இறப்புச் சான்றிதழ் ஒன்று இருந்தால் போதும், காணியை மகள் பெயருக்கு மாற்றலாம். அதை மட்டும் அனுப்ப முடியுமா? வேறொன்றும் வேண்டாம்.

உள்ளே இரண்டு நகல்கள் இருந்தன. ஒன்று ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எண்பத்து மூன்றில் நடந்த விவாகப் பதிவு. மற்றது டிலக்சனாவின் பிறப்புச் சான்றிதழ். இலங்கைப் பிறப்புச் சான்றிதழில் ஒரு கட்டம் உண்டு: பெற்றோர் விவாகம் செய்தவர்களா? அதில் 'ஆம்' என்று எழுதியிருந்தது. அந்தக் கட்டத்தைக் கஜந்தினி நூறு முறையாவது மொழிபெயர்த்திருப்பாள்.

அவள் மாடிக்குப் போய் அம்மாவின் கோப்பை எடுத்தாள். ஒரு வீட்டு வரவேற்பறையில் அப்பா தாலி கட்டும் புகைப்படம் அதில் இருந்தது. விவாகப் பதிவு இல்லை. தன் பிறப்புச் சான்றிதழைத் தேடி எடுத்தாள். இங்கிலாந்துச் சான்றிதழில் பெற்றோர் கல்யாணம் பற்றிய கட்டம் கிடையாது. ஆனால் தகவல் கொடுத்தவர் கையெழுத்து என்ற இடத்தில் அப்பா, அம்மா இருவர் பெயரும் இருந்தன.

கல்யாணம் பதிந்தவர்கள் என்றால் ஒருவர் கையெழுத்தே போதும். பதியாதவர்கள் என்றால் இருவரும் நேரில் வந்து கையெழுத்திட்டால்தான் தகப்பன் பெயர் ஏறும். இதை அவள் பதிவு அலுவலகத்தில் எத்தனையோ பேருக்கு விளக்கியிருக்கிறாள். ஒரு தடவை இருபது வயது ஜோடி ஒன்று கைக்குழந்தையோடு வந்திருந்தது. அந்தப் பெண்ணிடம், "கலியாணம் எழுதேல்லையெண்டா ரெண்டு பேரும்தான் கையெழுத்து வைக்கோணும்" என்று சொல்லும்போது தன் குரலில் ஒரு இளக்காரம் இருந்தது என்று என்னிடம் சொன்னாள். அந்தப் பெண் தலையைக் குனிந்துகொண்டதும் அவளுக்கு நினைவிருந்தது.

முப்பத்தைந்து வருடம் தன் சான்றிதழைப் பள்ளிக்கும் பாஸ்போர்ட்டுக்கும் நீட்டியிருக்கிறாள். அந்த இரண்டு கையெழுத்தை அவள் கவனித்ததேயில்லை.

தம்பியைத் தொலைபேசியில் அழைத்தாள். அவன் முழுவதையும் கேட்டான்.

"அவவுக்கு என்ன வேணுமாம்?"

"டெத் சேர்டிபிகேட் மட்டும்தானாம்."

"இப்ப மட்டும் எண்டு சொல்லுவினம். அந்த மனிசி உயிரோட இருக்கிறா எண்டு தெரிஞ்சா இந்த வீடு அவவுக்குத்தான் போகும். தெரியும்தானே?"

அவளுக்குத் தெரியும். இந்த நாட்டுச் சட்டத்தில் உயில் இல்லாமல் இறந்தவரின் பிள்ளைகள் எப்படிப் பிறந்தவர்கள் என்று யாரும் கேட்பதில்லை. ஆனால் சட்டப்படியான மனைவி இருந்தால், முதலில் ஒரு பெரிய தொகையும், மீதியில் பாதியும் அவளுக்கு. எஞ்சியதைத்தான் பிள்ளைகள் பிரித்துக்கொள்ள வேண்டும். அதிலும் டிலக்சனாவுக்கு ஒரு பங்கு.

"பேசாம விடு, அக்கா" என்றான் றஜீவன். "பதில் எழுதாத. களைச்சுப்போய் விட்டிடுவினம்."

அவள் மூன்று வாரம் பேசாமல் இருந்தாள். விண்ணப்பத்தைத் திருத்தவும் இல்லை. முதல் தவறு அதுதான், ஒன்றும் செய்யாமல் இருந்தது, என்று இப்போது சொல்கிறாள்.

இரண்டாவது கடிதம் வந்தது. தபால் தவறிவிட்டதோ என்று கேட்டு, அதே மரியாதையோடு. நேரடியாக இங்கிலாந்துப் பதிவாளருக்கு எழுதினால் சான்றிதழ் கிடைக்குமா, முகவரி தெரியுமா என்ற கேள்வியும் அதில் இருந்தது. கிடைக்கும். யார் வேண்டுமானாலும் கட்டணம் செலுத்தி வாங்கலாம். டிலக்சனா பதிவாளரை எட்டிவிட்டால், அடுத்து வீடு பற்றிக் கேட்கவும் யாராவது சொல்லிக்கொடுப்பார்கள். அந்தப் பயத்தில்தான் அவள் மேசைக்கு முன் உட்கார்ந்தாள்.

இல்லாத ஒரு சட்ட ஆலோசனை அலுவலகத்தின் பெயரைப் போட்டுத் தாள் தயாரித்தாள். இராஜேந்திரன் அவர்கள் எண்பத்தாறிலேயே லண்டனில் விவாகரத்துப் பெற்றுவிட்டார், ஆகவே சிவகௌரி அவரின் மனைவி அல்ல, இறப்புச் சான்றிதழ் குடும்பத்தாருக்கு மட்டுமே வழங்கப்படும் என்று எழுதினாள். புதிதாக வாங்கிய சிம் கார்டின் எண்ணைக் கீழே போட்டாள். கையெழுத்துக்கு மேல் ஒரு பெயர் வேண்டும். யாழ்ப்பாணத்துப் பெயர் என்றால் எந்த ஊர், யாருடைய மகள் என்று விசாரிப்பார்கள். தமிழ்நாட்டுப் பெயர் வேண்டும். கல்யாணி ஸ்ரீனிவாஸ் என்று எழுதினாள். அது நான். ஸ்ரீனிவாஸ் என் கணவர்.

ஏன் என் பெயர் என்று பிறகு கேட்டேன். "முதல்ல ஞாபகத்துக்கு வந்தது அக்கா" என்றாள். "உங்களை எல்லாரும் நம்புவினம்."

பத்து நாளில் டிலக்சனா அழைத்தார். கஜந்தினி எடுத்தாள். என்னை மாதிரிப் பேசினாள்.

"வணக்கம்ங்க, கல்யாணி பேசறேன். சொல்லுங்க."

"வணக்கம் மிஸ். நான் யாழ்ப்பாணத்திலயிருந்து டிலக்சனா. உங்கட கடிதம் கிடைச்சுது. டிவோர்ஸ் எடுத்தவர் எண்டது எங்களுக்குத் தெரியாது மிஸ்."

"ஆமாங்க, ரெக்கார்ட்ல அப்படித்தான் இருக்கு."

"சரி மிஸ். அது நடந்தது நடந்ததுதானே. அந்த டிவோர்ஸ் பேப்பரின்ர கொப்பி ஒண்டு அனுப்ப ஏலுமோ? காணி எழுதுற நொத்தாரிசு சொல்றார், அது இருந்தாலும் உறுதி முடிக்கலாமாம்."

இதைக் கஜந்தினி எதிர்பார்க்கவில்லை. வாதாடுவார்கள், அழுவார்கள், பங்கு கேட்பார்கள் என்று பதில்கள் தயாரித்து வைத்திருந்தாள். பார்த்துச் சொல்வதாகச் சொன்னாள். வைக்கப் போகும்போது டிலக்சனா மறுபடி பேசினார்.

"மிஸ், ஒண்டு கேக்கட்டோ? அங்க ஒரு மகள் இருக்கிறாவெல்லோ, கஜந்தினி. அவவை உங்களுக்குத் தெரியுமோ?"

"கிளையண்ட்டுங்க. பாத்திருக்கேன்."

"நல்லா இருக்கிறாவோ? அவதான் கடைசிவரைக்கும் வைச்சுப் பாத்தவ எண்டு நோட்டீஸில ஆரோ எழுதியிருந்தவை. எனக்குத் தங்கச்சி முறைதானே. கேட்டனான் எண்டு சொல்ல வேண்டாம்."

"சொல்லமாட்டேங்க" என்றாள் கஜந்தினி.

அந்த வாரமே அவள் பத்திரத்தைத் தயாரித்தாள். மூலமே இல்லாத ஒரு விவாகரத்து ஆணைக்கு மொழிபெயர்ப்பு. தேதி, வழக்கு எண், நீதிமன்றத்தின் பெயர் எல்லாம் கற்பனை. இணையத்தில் முத்திரை செய்வித்து, 'மூலப் பத்திரத்தின் சரியான மொழிபெயர்ப்பு' என்ற வரிக்குக் கீழே குத்தினாள். எங்கள் தொழிலில் அந்த வரி சாதாரணமானதல்ல. ஒருவருடைய விசாவும் பிள்ளையும் வீடும் அந்த வரியை நம்பி நிற்கும். பதினொரு வருடம் அவள் அதன் கீழே பொய்யாக ஒரு புள்ளிகூட வைத்ததில்லை. அதன் கீழே என் பெயரை எழுதிக் கையெழுத்திட்டாள்.

இடையில் டிலக்சனா மூன்று முறை அழைத்தார். பத்திரம் புறப்பட்டதா என்று ஒரு முறை. கிடைத்தது, நன்றி என்று ஒரு முறை. மூன்றாவது அழைப்பு ஜூலை கடைசியில் வந்தது. குரல் மாறியிருந்தது.

காணியை எழுதிக் கொடுக்கும் பத்திரத்தை அங்கே உறுதி என்பார்கள். அதை எழுத நொத்தாரிசிடம் போயிருக்கிறார்கள். உறுதிக்கு இரண்டு சாட்சி வேண்டும். பக்கத்து வீட்டு மனிதரையும் அவர் மனைவியையும் கூட்டிப்போயிருந்தார்கள். நொத்தாரிசு, லண்டனிலிருந்து வந்த பத்திரத்தைச் சாட்சிகள் முன்னிலையில் உரத்து வாசித்தார். கணவன் தன்னை எண்பத்தாறிலேயே தள்ளிவைத்துவிட்டான் என்று சிவகௌரி முதல் தடவையாக முழுதாகக் கேட்டது அங்கேதான். மகள் அதுவரை, லண்டனிலிருந்து ஒரு பேப்பர் வந்திருக்கிறது என்று மட்டும்தான் சொல்லியிருந்தார்.

"அம்மா ஒண்டும் சொல்லேல்லை மிஸ். உறுதியும் எழுதேல்லை, எழும்பி வந்திட்டா. இப்ப ரெண்டு கிழமையா வெளியில வாறேல்லை. கோயிலுக்கும் போறேல்லை. ஊருக்குள்ள கதை போயிட்டுது. பெப்ரவரியில அவர் செத்த செய்தி கேட்டு அம்மா முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக் கிரியை செய்தவ, சனத்துக்குச் சாப்பாடும் குடுத்தவ. இப்ப கேக்கினம், விட்டிட்டுப் போன ஆம்பிளைக்கு எந்த உரிமையில செய்தனி எண்டு." பிறகு கேட்டார். "மிஸ், கோவியாதேங்கோ. அந்தப் பேப்பர் பிழையா இருக்கச் சந்தர்ப்பம் இருக்கோ? வேற ஒரு இராஜேந்திரனின்ர எண்டு... ஒருக்காப் பாத்துச் சொல்லுவியளோ?"

"பாக்கறேங்க" என்று கஜந்தினி வைத்துவிட்டாள்.

இரண்டு நாள் கழித்து, ஒரு புதன்கிழமை மதியம் என் வீட்டுக்கு வந்தாள். சொல்லாமல் வருகிறவள் அல்ல. சமையலறையில் உட்கார்ந்து, தேநீரைத் தொடாமல், கடிதங்களையும் தான் தயாரித்த பத்திரத்தின் நகலையும் மேசையில் வைத்தாள். நான் படித்தேன். என் பெயர் வந்த இடத்தில் நின்றுவிட்டேன்.

"இது யாரு?"

"நீங்கதான் அக்கா."

நான் என்ன சொன்னேன் என்பதை எல்லாம் எழுதப் போவதில்லை. என் பிள்ளைகள் கேட்டால் வெட்கப்படும் வார்த்தைகளும் அதில் இருந்தன. நான் ஓய்ந்த பிறகு, "அம்மாவை ஆரும் வைப்பாட்டி எண்டு சொல்லிடக்கூடாது எண்டு நினைச்சன்" என்றாள். "அதுக்காக அந்த மனிசியை ஒண்டும் இல்லாதவ ஆக்கிப்போட்டன்."

வீடு போய்விடும் என்ற பயமும்தானே என்று கேட்டேன். ஓம் என்றாள். எது அதிகம் என்றேன். யோசித்தாள். "முதல்ல வீடு" என்றாள். அந்தப் பதிலை அவள் பொய்யாகச் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

"இப்பவே போன் பண்ணுங்க" என்றேன். "என் முன்னால. என் பேரு எதுல எல்லாம் போயிருக்கோ அதுல இருந்து எடுங்க."

அவள் அந்தப் புது சிம் போட்ட போனை எடுத்து, ஒலிபெருக்கியில் போட்டு மேசையில் வைத்தாள். யாழ்ப்பாணத்தில் மாலை. இரண்டாவது மணியிலேயே எடுத்தார்கள்.

"வணக்கம்ங்க, கல்யாணி பேசறேன்" என்றாள் கஜந்தினி.

பழக்கத்தில் வந்துவிட்டது. இழுத்து முடிக்கும் விதமும், நடுவில் மூச்சு வாங்குவதும்கூட என்னுடையவை. அவளும் அதை உணர்ந்துவிட்டாள். வாயைக் கையால் பொத்திக்கொண்டாள்.

"சொல்லுங்கோ மிஸ். பாத்தனீங்களோ?"

கையை எடுத்தாள். "நான் கல்யாணி இல்லை" என்றாள். இது அவளுடைய குரல். "அந்தப் பேப்பர் பொய். அவர் டிவோர்ஸ் எடுக்கேல்லை. நான்தான் எழுதினனான்."

மறுபக்கத்தில் எங்கோ ஒரு மோட்டார் சைக்கிள் போவது கேட்டது.

"இப்ப கதைக்கிறது ஆர்?"

"கஜந்தினி."

"எந்தக் கஜந்தினி?"

அவருக்குத் தெரிந்திருந்தது. ஆனால் சொல்ல வைத்தார்.

"இராஜேந்திரனின்ர மகள். லண்டனில."

"அப்ப இவ்வளவு நாளும் நீர்தானோ கதைச்சது? நான் உம்மைப் பற்றி உம்மட்டயே கேட்டிருக்கிறன்."

"ஓம்."

டிலக்சனா சொன்னார். "எனக்குச் சொல்லி என்ன பிரயோசனம்? அம்மாட்ட குடுக்கிறன். நீரே சொல்லும்."

கஜந்தினி என்னைப் பார்த்தாள். நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். அந்த நேரத்தில் அவள் கையைப் பிடித்திருக்கலாம், பிடிக்கவில்லை.

சிவகௌரியின் குரல் மெலிதாகவும் தெளிவாகவும் இருந்தது. கஜந்தினி எல்லாவற்றையும் திரும்பச் சொன்னாள், ஒன்றையும் குறைக்காமல். முடிந்ததும் ஒன்றே ஒன்று கேட்டார்.

"உம்மட அம்மாக்கு என்னைப் பற்றித் தெரியுமோ?"

தெரியாது என்று சொல்லியிருக்கலாம். இறந்தவளைக் காப்பாற்ற ஒரு வார்த்தை போதும். கஜந்தினி அதைச் சொல்லவில்லை.

"தெரிஞ்சிருக்கோணும்" என்றாள். "ரெண்டு பேரும்தான் என்ர பதிவில கையெழுத்து வைச்சவை. ஏன் ரெண்டு கையெழுத்து எண்டு அவவுக்குத் தெரியாமல் இருக்காது."

"சரி" என்றார் சிவகௌரி. பிறகு, ஒரு அலுவலகத்தில் பேசுவதைப் போல நிதானமாகச் சொன்னார். "பிள்ளை, ஒரு கடிதம் எழுதி அனுப்பும். சான்றிதழோட. அந்தப் பேப்பர் பொய் எண்டும், நீர் ஆர் எண்டும், உம்மட அம்மா ஆர் எண்டும் அதில இருக்கோணும். நொத்தாரிசு அதை வாசிக்கேக்க அதே ரெண்டு சாட்சியும் இருக்கோணும். நீரும் போனில நிக்கோணும்."

"ஓம்" என்றாள் கஜந்தினி.

"வையும்."

அந்தக் கடிதத்தை எழுத அவளுக்கு ஆறு நாள் எடுத்தது. நாள் முழுக்க மற்றவர்களின் வாக்கியங்களை இரண்டு மொழியிலும் சொல்லிப் பிழைத்தவள். 'என் தந்தையும் தாயும் சட்டப்படி மணம் முடித்தவர்கள் அல்லர்' என்ற வரியை எழுதுவதும் அழிப்பதுமாக இருந்தாள். 'சேர்ந்து வாழ்ந்தவர்கள்' என்று போட்டுப் பார்த்தாள். 'முறைப்படி தாலி கட்டியிருந்தாலும்' என்று சேர்த்துப் பார்த்தாள். கடைசியில் எல்லாவற்றையும் எடுத்துவிட்டு, சிவகௌரி அவர்களே அவரின் ஒரே மனைவி என்று முடித்தாள். என் பெயர் அனுமதியின்றிப் பயன்படுத்தப்பட்டது என்பதையும் எழுதினாள்.

ஆகஸ்ட் நடுவில் நொத்தாரிசு அதை வாசித்தார். டிலக்சனா வீடியோ அழைப்பில் போனை உயர்த்திப் பிடித்திருந்தார். படத்தில் ஒரு மேசையும், இரண்டு சாட்சிகளும், ஓரத்தில் வெள்ளைச் சேலையில் சிவகௌரியும் தெரிந்தார்களாம். தான் எழுதிய தமிழ் ஒரு அந்நிய ஆணின் வாயில் கரகரப்பாக வெளிவருவதைக் கஜந்தினி தன் வீட்டுச் சமையலறையில் நின்று கேட்டாள். உட்காரத் தோன்றவில்லை என்றாள். அவள் அம்மாவைப் பற்றிய வரி வந்தபோது சாட்சிக்கு வந்த பெண் நிமிர்ந்து போனைப் பார்த்தாள். கஜந்தினி படத்தை அணைக்கவில்லை. வாசித்து முடிந்ததும் சிவகௌரி உறுதியில் கையெழுத்திட்டார். போனைப் பார்க்கவேயில்லை.

மற்றவை அலுவலகக் காரியங்கள். வீட்டு விண்ணப்பத்தைத் திரும்பப் பெற்றாள். ஒரு உண்மையான வழக்கறிஞரிடம் போனாள். ஐந்து வருடம் தகப்பனைப் பார்த்துக்கொண்டவள், அவரோடு ஒரே வீட்டில் இருந்தவள் என்பதால் நீதிமன்றத்தில் தனக்கென்று கேட்டுப் பார்க்க வழி உண்டு என்று அவர் சொன்னார். கஜந்தினி வேண்டாம் என்றாள். மொழிபெயர்ப்பாளர் பதிவேட்டை நடத்துபவர்களுக்குத் தானே எழுதினாள். அவள் பெயரை நீக்கினார்கள். றஜீவன் ஒரு முறை வந்து, வாசலிலேயே நின்று, "நீ நல்லவளாகிறதுக்கு என்ர பங்கையும் சேர்த்துக் குடுத்திட்டாய்" என்று சொல்லிவிட்டுப் போனான். அவன் சொன்னதில் தப்பு இருப்பதாக அவளுக்குத் தோன்றவில்லை. அதற்குப் பிறகு அவன் பேசுவதில்லை.

சிவகௌரி தனக்குச் சட்டப்படி வரவேண்டியதை வாங்கிக்கொண்டார். விட்டுக்கொடுக்கவில்லை, ஏன் விட்டுக்கொடுக்க வேண்டும்? இந்த வருடம் மார்ச்சில் வீடு விற்றது. கஜந்தினி இப்போது மிச்சத்திலேயே ஒரு வீட்டின் மாடியில் ஓர் அறையில் இருக்கிறாள். மருந்துக்கடை ஒன்றில் மாத்திரைகளை வாரப்பெட்டியில் அடுக்கும் வேலை. வயதான தமிழர்கள் வந்து, இதை எப்போது சாப்பிடுவது என்று கேட்டால், மேலாளரைக் கூப்பிடுகிறாள். தான் மொழிபெயர்க்கக்கூடாது என்று நினைக்கிறாள். யாரும் அப்படிச் சட்டம் போடவில்லை.

டிலக்சனாவோடு பேச்சு உண்டா என்று கேட்டேன். சித்திரை வருடப் பிறப்புக்கு அழைத்தாளாம். "சொல்லும்" என்றார் அவர். வெயிலைப் பற்றியும், அம்மாவின் முழங்கால் பற்றியும் இரண்டு நிமிடம் பேசினார்கள். இனிமேல் எடுக்க வேண்டாம் என்று அவர் சொல்லவில்லை. தங்கச்சி என்றும் சொல்லவில்லை.

போலீசுக்குப் போகச் சொன்னார் என் கணவர். நான் போகவில்லை. அது பெருந்தன்மை என்று நினைத்துக்கொண்டிருந்தேன். ஆனால் ஒன்று சொல்ல வேண்டும். இந்தக் கதையை என் தோழிகள் நாலைந்து பேரிடம் சொல்லியிருக்கிறேன். பொய்ப் பத்திரம், பொய்க் குரல், ஊர் முன்னால் தலைகுனிந்த ஒரு மனைவி எல்லாவற்றையும் சொல்லியிருக்கிறேன். ஒவ்வொருவரும் முதலில் கேட்டது ஒன்றுதான்: "அப்போ, அவ அப்பா அம்மாவுக்குக் கல்யாணமே ஆகலையா?" அப்படிக் கேட்டபோது அவர்கள் முகம் கொஞ்சம் பிரகாசமானது.

நானும் அதைத்தான் முதலில் சொல்லித் தொடங்கியிருக்கிறேன். ஒரு தடவையல்ல, நாலைந்து தடவையும். போன வாரம் டிராமில் அவள் எதிரே உட்கார்ந்திருந்தபோது இதை அவளிடம் சொன்னேன்.

"தெரியும் அக்கா" என்றாள். "ஆக்கள் முதல்ல அதைத்தான் கேப்பினம் எண்டுதான் எனக்கும் பயமா இருந்தது."

அடுத்த நிறுத்தத்தில் அவள் இறங்க வேண்டியிருந்தது. வேலைக்கு நேரமாகிவிட்டது என்று எழுந்து போனாள்.